ஹாம்பர்க் கிட்டங்கி நடை: முதல் பாதிக்கு முழு மார்க்

ஹாம்பர்க்கில் 'பழைய கிட்டங்கிப் பகுதியும் புதிய துறைமுக நகரும்' என்று விற்கிறார்களே, அந்த நடைச் சுற்றுலாவுக்குப் பணம் கட்டலாமா என்று கேட்டால், கட்டலாம் என்பேன். ஆனால் முதல் பாதிக்காகக் கட்டுங்கள். இரண்டாம் பாதி காய்கறியோடு கொசுறாகப் போடும் கறிவேப்பிலைதான்.

நான் எந்தக் கண்ணோடு பார்த்தேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன், அப்போதுதான் என் மார்க்கை எவ்வளவு நம்பலாம் என்று உங்களுக்குத் தெரியும். தூத்துக்குடியில் கஸ்டம்ஸ் கிளியரிங் அலுவலகம் ஒன்றில் டாக்குமென்டேஷன் பார்த்தவள் நான். பில் ஆஃப் என்ட்ரி, ஷிப்பிங் பில், இன்-பாண்ட், எக்ஸ்-பாண்ட் என்று வேலைக்காலம் முழுக்க ஏற்றுமதி இறக்குமதிச் சுங்கக் காகிதத்தோடு போனது. நம் பக்கத்துச் சென்னா இலை மருந்துக்காக ஜெர்மனிக்குப் போகும். அதற்கான ஷிப்பிங் பில்லில் சேருமிடம் என்ற கட்டத்தில் ஹாம்பர்க், ஹாம்பர்க் என்று தட்டித் தட்டி விரலுக்குப் பழகிப்போன ஊர். அண்ணன் குடும்பம் அங்கே இருப்பதால் கடைசியில் நேரிலும் பார்க்கக் கிடைத்தது. சுற்றுலாவுக்குப் பதிவு செய்தது மதினி. "உனக்குக் குடோன் பார்த்தால்தான் ஊர் பார்த்த மாதிரி இருக்கும்" என்று கிண்டல் வேறு.

நிறுவனத்தின் பெயரைச் சொல்லப்போவதில்லை. இதே பாதையில் பலர் கூட்டிப்போகிறார்கள், பாதை எல்லாருக்கும் ஏறக்குறைய ஒன்றுதான், வழிகாட்டியைப் பொறுத்துத்தான் நல்லதும் கெட்டதும். எங்களுடையது ஆங்கிலத்தில், இரண்டரை மணி நேரம், ஆளுக்கு 20 யூரோவை ஒட்டி. வழிகாட்டி ஐம்பதைத் தாண்டிய அம்மா. மழைக்கோட்டு, உறுதியான பூட்ஸ், கையில் பழைய படங்கள் செருகிய பிளாஸ்டிக் கோப்பு. அப்பா துறைமுகத்தில் கூலி வேலை பார்த்தவர் என்று சொன்னார். அந்தக் கோப்பைப் பார்த்ததுமே எனக்கு நம்பிக்கை வந்துவிட்டது. ஃபோனில் படம் தேடிக் காட்டுகிற வழிகாட்டிகளை எனக்குப் பிடிக்காது.

மெஸ்பெர்க் சுரங்க ரயில் நிலையத்தின் அருகே, சிலே ஹவுஸ் முன்னால் தொடக்கம். சிலி நாட்டு வெடியுப்பு வியாபாரத்தில் பணக்காரரான ஹென்றி ஸ்லோமன் 1922 முதல் 1924 வரை கட்டிய அலுவலகக் கட்டடம் இது. வடிவமைத்தவர் ஃபிரிட்ஸ் ஹோகர். 48 லட்சம் செங்கல். கிழக்கு மூலை கப்பலின் முகப்பைப் போலக் கூராக வானத்தைக் கிழிக்கிறது, எல்லாரும் அண்ணாந்து படம் எடுக்கிறார்கள். அழகுதான். ஆனால் வழிகாட்டி எங்களை அதிலிருந்து திருப்பி, எதிரே இருக்கும் மெஸ்பெர்க்ஹோஃப் கட்டடத்தின் சுவரில் உள்ள பலகையைக் காட்டினார். நாஜி முகாம்களின் விஷவாயு அறைகளுக்குப் போன சைக்ளான் பி பூச்சிமருந்தை விநியோகித்த நிறுவனத்தின் அலுவலகம் இதற்குள்தான் இருந்தது. "ஆர்டர், பில், ரயில் ரசீது எல்லாம் இங்கே எழுதப்பட்டவை" என்றார். காகித வேலை பார்த்தவளுக்கு அந்த வாக்கியம் எங்கே குத்தும் என்று அவருக்குத் தெரிந்திருக்காது.

அங்கிருந்து சின்ன நடைபாலம் தாண்டினால் ஷ்பைஷர்ஷ்டாட், அதாவது கிட்டங்கி நகரம். நீங்கள் தாண்டுகிற தண்ணீர் சுங்கக் கால்வாய். பெயருக்கேற்ப அது ஒருகாலத்தில் நிஜமான எல்லை. இந்த இடத்தில் வழிகாட்டி சொன்னதை இணையத்தில் தேடிப் படித்தால் புரியாது, பாலத்தின் மேல் நின்று கேட்டால் உடனே புரியும்.

கதை இதுதான். 1871இல் ஜெர்மனி ஒரே பேரரசானபோதும் ஹாம்பர்க் பேரரசின் சுங்க எல்லைக்குள் வராமல் தள்ளியே நின்றது. உலகமெங்கிருந்தும் சரக்கு வாங்கி உலகமெங்கும் விற்கிற வியாபாரிகள், வரி எதற்குக் கட்ட வேண்டும் என்ற எண்ணம். பேரரசின் பிரதமர் பிஸ்மார்க் நெருக்கினார். 1881இல் ஒப்பந்தமாகி, 1888 அக்டோபரில் ஊர் சுங்க எல்லைக்குள் சேர்ந்தது. பதிலுக்குத் துறைமுகத்தை ஒட்டிய ஒரு துண்டு மட்டும் வரியில்லாப் பகுதியாக விடப்பட்டது. அதைக் கட்டப் பேரரசே 4 கோடி மார்க் (அன்றைய ஜெர்மன் பணம்) கொடுத்தது. பேரரசர் இரண்டாம் வில்ஹெல்ம் நேரில் வந்து திறந்து வைத்தார்.

நம்மூர் பாண்டட் கிட்டங்கி தெரிந்தவர்களுக்கு இதை விளக்கவே வேண்டாம். சரக்கு உள்ளே இருக்கும்வரை வரி இல்லை, எக்ஸ்-பாண்ட் போட்டு வெளியே எடுக்கும்போது கட்டினால் போதும். நாம் அதைக் கட்டடத்துக்குக் கட்டடம் தனித்தனியாகச் செய்கிறோம், பூட்டும் பத்திரமும் வைத்து. இவர்கள் ஒன்றரை கிலோமீட்டர் நீளத்துக்கு ஊர்ப்பகுதி ஒன்றையே அப்படிச் செய்துவிட்டார்கள். காபியைத் தரம் பிரிக்கலாம், கலக்கலாம், மறு மூட்டை கட்டலாம், விலை ஏறும்வரை ஆறப்போடலாம். கால்வாயைத் தாண்டும்போதுதான் சுங்க அதிகாரி.

ஒரு கேள்வி கேட்டேன். காபி, புகையிலை எல்லாம் வைத்திருக்க வைத்திருக்க உலர்ந்து எடை குறையும், மூட்டையில் சிந்தும். அந்தக் குறைவுக்கு யார் பதில் சொல்வது? எங்கள் தொழிலில் பாதித் தலைவலி அதுதான், உள்ளே போன எடைக்கும் வெளியே வந்த எடைக்கும் வித்தியாசம் வந்தால் விளக்கம் எழுதியே விரல் தேயும். அந்த அம்மா சிரித்துவிட்டார். "இதை இதுவரை யாரும் கேட்டதில்லை" என்று சொல்லிவிட்டு, இந்தப் பகுதி சுங்கத்தின் பார்வையில் வெளிநாடு மாதிரி, வெளியே போகிற எடைக்குத்தான் வரி என்றார். எவ்வளவு நிம்மதியான ஏற்பாடு! என் பழைய முதலாளி கேட்டால் கண்ணீர் விடுவார்.

அடுத்து அவர் காட்டியது பழைய படங்கள். கிட்டங்கிகள் வருவதற்கு முன் இங்கே வீடுகள். கேர்வீடர் பக்கம் துறைமுகத் தொழிலாளர்களின் நெருக்கமான குடியிருப்புகள், வான்ட்ராம் பக்கம் வணிகர்களின் பெரிய வீடுகள். வரியில்லாப் பகுதிக்குள் யாரும் குடியிருக்கக் கூடாது, இருந்தால் கடத்தல் நடக்கும். ஆகவே ஆயிரத்துக்கு மேற்பட்ட வீடுகளை இடித்து, ஏறத்தாழ 20,000 பேரைக் கிளப்பிவிட்டார்கள். பணமிருந்தவர்கள் நல்ல இடம் பார்த்துப் போனார்கள். இல்லாதவர்கள் ஏற்கெனவே நெரிசலாக இருந்த சந்துகளுக்கும் நகரத்தின் வெளிப்புறத்துக்கும் போனார்கள். 1892இல் காலரா வந்து இந்த ஊரில் 8,600 பேருக்கு மேல் செத்தார்கள். வடிகட்டாத ஆற்றுத் தண்ணீரைக் குழாயில் விட்டதுதான் முதல் காரணம், கொத்துக்கொத்தாகப் போனது நெரிசலான சந்துகளில். வழிகாட்டி இந்த இரண்டு செய்தியையும் வெவ்வேறு இடத்தில் சொன்னார், சேர்த்துச் சொல்லவில்லை. சேர்த்துச் சொல்லியிருக்க வேண்டும் என்பது என் எண்ணம். பிறகு இவ்வளவு அழகான கோபுரங்களை அண்ணாந்து பார்க்கும்போது மனசு கொஞ்சம் நிதானமாகவே இருக்கும்.

என் மருமகன், பதினோரு வயசு, சும்மா இருக்கவில்லை. "அத்தை, யாருமே இங்க தங்கக் கூடாதுன்னா ராத்திரி காவல் யாரு?" என்று கேட்டான். அதை அப்படியே மொழிபெயர்த்துச் சொன்னேன். வழிகாட்டிக்கு அதுவே அடுத்த நிறுத்தத்துக்கு வழியாகிவிட்டது. போகன்மியூலன் பாலத்துக்குக் கூட்டிப்போய், இரண்டு கால்வாய்கள் பிரியும் முனையில் குட்டிக் கோட்டை மாதிரி நிற்கும் வாசர்ஷ்லாஸ் கட்டடத்தைக் காட்டினார். மூட்டை தூக்கும் விஞ்ச் பொறிகளைப் பராமரித்துக் காவலும் பார்த்தவர்களின் இடம் அது. இப்போது தேநீர்க்கடையும் உணவகமும். ஹாம்பர்க் என்று தேடினால் வருகிற படங்களில் பாதி இந்தப் பாலத்திலிருந்து எடுத்தவைதான். அதனால் பாலத்தில் நிற்க இடமில்லை. படம் எடுத்துக்கொண்டிருந்த கல்யாண ஜோடி வேறு. நம் வழிகாட்டி கூட்டத்தைக் கொஞ்சம் தள்ளி நிறுத்தி, கட்டடம் எப்படி வேலை செய்தது என்று சொல்ல ஆரம்பித்தார். இந்தச் சுற்றுலாவின் சிறந்த கால்மணி நேரம் அதுதான்.

ஒவ்வொரு கிட்டங்கிக்கும் இரண்டு முகம். ஒரு பக்கம் கால்வாய், மறுபக்கம் தெரு. கப்பலிலிருந்து தட்டைப் படகுகளில் மூட்டைகள் கால்வாய்க்குள் வரும். கூரை முகட்டில் செம்புத் தகடு போர்த்திய மூக்கு ஒன்று நீட்டிக்கொண்டிருக்கும், அதற்குள் விஞ்ச். கொக்கி இறங்கி மூட்டையைத் தூக்கும், எந்த மாடியோ அந்த மாடிக் கதவில் ஆள் நின்று உள்ளே இழுப்பார். விற்றுப்போனால் மறுபக்கக் கதவு வழியாகத் தெருவில் நிற்கும் வண்டிக்கு இறங்கும். விஞ்சுகளை நீர் அழுத்தத்தால் இயக்க மையமாகக் கொதிகலன் கூடம் இருந்தது. அந்தக் கட்டடம் இப்போதும் நிற்கிறது. இரண்டு புகைபோக்கிகள் போரில் போய்விட்டதால் அவற்றின் உருவத்தை மட்டும் காட்டும் இரும்புச் சட்டங்களை வைத்திருக்கிறார்கள். தடித்த செங்கல் சுவரால் உள்ளே வெயிலும் குளிரும் சட்டென்று ஏறி இறங்காது, அதனால்தான் காபியும் தேயிலையும் மிளகும் இங்கே நன்றாக இருந்தன. எல்லாவற்றையும் தாங்குவது சேற்றில் அடித்து இறக்கிய மரத்தூண்கள். தண்ணீருக்கு அடியில் காற்றுப்படாமல் இருக்கும்வரை மரம் அழுகாது.

கால்வாய்த் தண்ணீர் ஏறி இறங்கும். கடல் நூறு கிலோமீட்டருக்கு மேல் தள்ளி இருந்தாலும் எல்பே ஆற்றில் ஓதம் மூன்றரை மீட்டர் அளவுக்கு அடிக்கிறது. வற்றம் வந்தால் சில கால்வாய்களில் சேறுதான் தெரியும். எங்கள் நடை தொடங்கியபோது படகுகள் உள்ளே ஓடின, முடியும்போது ஒன்றையும் காணோம்.

இந்தக் கிட்டங்கிகளை நடத்தியவர்கள் குவார்ட்டியர்ஸ்லாய்ட்ட என்ற கூட்டாளிகள். சரக்கு வியாபாரியுடையது, அதை வாங்கி, எடை போட்டு, மாதிரி எடுத்து, தரம் பார்த்து, பத்திரமாக வைத்துக் கொடுப்பது இவர்கள் தொழில். பொதுவாக நாலு பேர் சேர்ந்து நடத்துவார்களாம். ஒருவர் பெயரைப் போட்டு, மற்ற மூவரையும் 'கொன்ஸார்ட்டன்' என்று ஒரே சொல்லில் அடக்கிவிடுவார்கள். இன்றும் சில பெயர்ப்பலகைகளில் அதைப் பார்க்கலாம். வழிகாட்டி தன் பையிலிருந்து மூட்டையில் குத்தி மாதிரி எடுக்கும் கருவியை எடுத்துக் காட்டினார். அட, நம் அரிசி மண்டிக் குத்தூசியேதான்! கையில் வாங்கி, கோணிப்பையில் எப்படிச் சாய்த்துக் குத்தினால் நெய்த நூல் அறாது என்று நான் செய்து காட்ட, கூட இருந்த ஆஸ்திரேலியத் தம்பதி எனக்குக் கைதட்டினார்கள். காபிக் கொட்டையைத் தரம் பிரித்தவர்கள் பெண்கள். மேசை முன்னால் வரிசையாக உட்கார்ந்து கெட்ட கொட்டையைப் பொறுக்கும் படம் அந்தக் கோப்பில் இருந்தது. இங்கே மசாலாக் கம்பெனிகளில் மிளகாய்க் காம்பு கிள்ளும் பெண்களின் முகமும் அந்த முகங்களும் வேறில்லை.

கோர்ன்ஹவுஸ் பாலத்தில் இரண்டு சிலைகள். ஒருபக்கம் கொலம்பஸ், மறுபக்கம் வாஸ்கோ ட காமா. 1903இல் வைத்தது. வழிகாட்டி என்னைப் பார்த்துக் கொஞ்சம் தயங்கினார். அந்தச் சிலைகளைப் பற்றி ஊருக்குள் விவாதம் நடக்கிறது, காலனியத்தைக் கொண்டாடும் இவற்றை என்ன செய்வது என்று கேட்கிறவர்கள் இருக்கிறார்கள் என்றார். 1498இல் கோழிக்கோட்டில் இறங்கிய ஆள் அங்கேயும் பிறகும் என்னென்ன செய்தார் என்று நம் பிள்ளைகள் பள்ளியிலேயே படிக்கிறார்கள். எனக்குக் கோபம் வரவில்லை. மிளகு மூட்டை அடுக்கிய இடத்தின் வாசலில் மிளகுக்காகக் கப்பல் விட்டவர் நிற்கிறார், அது ஒருவகையில் நேர்மையான விளம்பரம். ஆனால் புதிய பகுதியிலும் அவர் பெயரில் சதுக்கம் இருக்கிறது, அதுவும் இந்த நூற்றாண்டில் வைத்த பெயர். அதை வழிகாட்டி சொல்லவில்லை, பெயர்ப்பலகையை நானே பார்த்தேன். பையன்கள் பந்து விளையாடும் இடம். 1903க்காரர்களையாவது மன்னிக்கலாம்.

போரைப் பற்றி அளவாகச் சொன்னார். 1943 குண்டுவீச்சிலும் அதற்குப் பின்னும் கிட்டங்கி நகரத்தில் ஏறத்தாழப் பாதி அழிந்தது. வெர்னர் கால்மோர்கன் என்ற கட்டடக் கலைஞர் 1960கள்வரை மீட்டுக் கட்டினார். எது பழசு எது புதுசு என்று கண்டுபிடிக்கச் சொல்லி வழிகாட்டி எங்களுக்கு ஒரு விளையாட்டு வைத்தார், மருமகன் ஜெயித்தான். இந்த இடத்தை உண்மையில் காலி செய்தது குண்டு அல்ல, கன்டெய்னர். 1968இல் முதல் முழுக் கன்டெய்னர் கப்பல் ஹாம்பர்க் வந்த பிறகு, மூட்டையை ஒவ்வொன்றாகத் தூக்கி மாடியில் வைக்கிற வேலைக்கு அர்த்தமில்லாமல் போயிற்று. சரக்கெல்லாம் ஆற்றின் தென்கரைக்கு நகர்ந்தது. கம்பளக்காரர்கள் மட்டும் நிலைத்தார்கள், கீழ்த்திசைக் கம்பள வியாபாரத்துக்கு இந்த இடம் உலகப் புகழ் பெற்றது. 2003இல் இந்தப் பகுதியின் வரியில்லா அந்தஸ்து போனது. 2013 ஜனவரி 1 முதல் ஹாம்பர்க்கின் சுதந்திரத் துறைமுகமே இல்லை. 2015இல் யுனெஸ்கோ பட்டியல். தொழில் செத்த இடத்துக்குத்தான் பட்டம் தருகிறார்கள் என்று அண்ணன் முணுமுணுத்தான்.

இதுவரை ஒன்றரை மணி நேரம். இங்கேயே முடித்திருந்தால் ஐந்து நட்சத்திரமும் கொடுத்திருப்பேன்.

அப்புறம் சாண்ட்டோர்காய் சாலையைத் தாண்டினோம், ஹாஃபன்சிட்டி, அதாவது அந்தப் புதிய துறைமுக நகர். அந்த அம்மாவின் குரலே மாறிவிட்டது. இந்தக் கட்டடம் இன்னார் வடிவமைத்தது, இந்த வீட்டின் வாடகை சதுர மீட்டருக்கு இவ்வளவு, இந்த மாடியில் ஒரு கால்பந்து வீரர் இருந்ததாகப் பேச்சு. வீட்டு புரோக்கரோடு போன மாதிரி ஆகிவிட்டது. காற்று வேறு. மகெல்லன் படித்துறையில் நின்றால் துறைமுகக் காற்று நேராக முகத்தில் அடிக்கிறது. இருபதுக்கு மேற்பட்ட ஆட்கள், காதில் மாட்டும் கருவி கிடையாது, பின்வரிசையில் நின்ற எனக்கும் மதினிக்கும் வாய் அசைவது மட்டும் தெரிந்தது. இந்த விலைக்கு ஒலிக்கருவி கொடுக்க வேண்டாமா? கடற்கொள்ளையன் ஷ்டோர்ட்டபேக்கரை இந்தக் கிராஸ்புரூக் நிலத்தில் தலை வெட்டிய கதையை மட்டும் சத்தமாகச் சொன்னார். தலையில்லாத முண்டம் எழுந்து தன் ஆட்களைத் தாண்டி நடந்ததாம். மருமகனுக்குக் கொண்டாட்டம். அந்த நேரத்தை எனக்கு வேறு ஒன்றுக்குக் கொடுத்திருக்கலாம்.

அந்த வேறு ஒன்று வெள்ளம். 157 ஹெக்டேர் பழைய துறைமுக நிலத்தை எடுத்து, நகர மையத்தை 40 சதவீதம் பெரிதாக்கும் திட்டம் இது. 1997இல் அறிவித்தார்கள், 2000இல் வரைபடம். இதில் விசேஷம் என்னவென்றால் இந்த நிலம் ஊரைக் காக்கும் பெரிய கரைக்கு வெளியே இருக்கிறது. 1962 பிப்ரவரி 16 இரவு புயலோடு வந்த கடல்வெள்ளம் கரைகளை உடைத்து ஹாம்பர்க்கில் 315 பேரைக் கொன்றது. அப்படிப்பட்ட ஊரில் கரைக்கு வெளியே வீடு கட்டுகிறார்கள் என்றால் எப்படி? சுற்றிலும் சுவர் எழுப்பாமல் கட்டடங்களையும் சாலைகளையும் கடல்மட்டத்துக்கு 8 மீட்டருக்கு மேல் மேடையாக உயர்த்திவிட்டார்கள். கீழே ஆற்றோரப் பாதைகள் தாழ்வாகவே இருக்கின்றன, பெருவெள்ளத்தில் அவை மூழ்கட்டும் என்று விட்டுவிட்டார்கள். மேடைக்குள்ளேயே கார் நிறுத்துமிடம். அதன் வாசலில் கனத்த இரும்புக் கதவு, வெள்ள எச்சரிக்கை வந்தால் மூடிவிடுவார்கள். கிபெல்ஷ்டேக் பாலம் இரண்டு அடுக்கு. கீழே தெரு மூழ்கினாலும் மேலடுக்கு வழியாகத் தீயணைப்பு வண்டி வரை போகலாம்.

2023 டிசம்பர் மழையில் தூத்துக்குடியில் எங்கள் தெரு என்ன ஆயிற்று என்பதை மாடியிலிருந்து பார்த்தவள் நான். எனக்கு அந்த இரும்புக் கதவின் ரப்பர் விளிம்பைத் தொட்டுப் பார்க்க ஆசை. வழிகாட்டி அதைக் கை காட்டிவிட்டு நடந்துகொண்டே இருந்தார். நான் மட்டும் பின்தங்கித் தொட்டேன். யார் மூடுகிறார்கள், எத்தனை மணி நேரம் முன்பு, உள்ளே காரை விட்டவர் கதி என்ன என்று கேட்க நினைத்தேன். குழு மூலை திரும்பிவிட்டது. பழைய பகுதியில் கட்டடம் எப்படி வேலை செய்தது என்று அவ்வளவு அழகாகச் சொன்னவர், புதிய பகுதியில் அது என்ன விலை என்று மட்டும் சொல்வதேன்? புதியதும் வேலை செய்கிற கட்டடம்தானே.

கடைசி நிறுத்தம் எல்ப்ஃபில்ஹார்மோனி இசை அரங்கம். கால்மோர்கன் 1960களில் கட்டிய செங்கல் கிட்டங்கி கீழே, கொக்கோவும் தேயிலையும் புகையிலையும் வைத்த இடம். அதன் தலையில் அலை போன்ற கண்ணாடிக் கட்டடம், ஹெர்ட்சோக் அண்டு ட மொய்ரோன் வடிவமைத்தது, உயரம் 110 மீட்டர். நகரத்தின் பங்கு 7.7 கோடி யூரோ என்று ஆரம்பித்து 78.9 கோடியில் முடிந்தது. 2007இல் அடிக்கல், 2017 ஜனவரியில் திறப்பு. மேம்பாலத்துக்காகக் காத்திருந்து பழகிய நமக்கு இதைக் கேட்க ஒரு அற்ப சந்தோஷம், மறைக்க மாட்டேன். பழைய கிட்டங்கியின் உள்ளே குடைந்து எடுத்துவிட்டார்கள், சுவர்தான் மிச்சம், மூட்டை இருந்த இடத்தில் இப்போது கார்கள். 82 மீட்டர் நீளத்துக்கு வளைந்து ஏறும் நகரும் படிக்கட்டில் போனால் 37 மீட்டர் உயரத்தில் சுற்றுத் திண்ணை. அங்கிருந்து துறைமுகம் முழுக்கத் தெரியும்.

ஆனால் சுற்றுலா அங்கே கூட்டிப்போகாது! வாசலோடு கை குலுக்கி விடைபெற்றுவிட்டார். மேலே போக வரிசையில் நின்று நாமே சீட்டு வாங்க வேண்டும். விளம்பரத்தில் பெரிதாகப் படம் போட்டிருந்த இடம் அதுதான். முன்பே சொல்லியிருந்தால் நேரம் பார்த்துப் பதிவு செய்துகொண்டு வந்திருப்போம்.

எப்படியோ நாங்கள் ஏறினோம். கிழக்கே அரைகுறையாக நிற்கும் எல்ப்டவர் தெரிந்தது. 245 மீட்டருக்குத் திட்டமிட்டு, கட்டிய நிறுவனம் கடனில் மூழ்க, 2023இல் 100 மீட்டரை ஒட்டி நின்றுபோனது. அதற்கு ஊர்க்காரர்கள் 'குட்டை ஓலாஃப்' என்று பேர் வைத்திருப்பதாக அண்ணன் சொன்னான், மேயராக இருந்தபோது அதை முன்னெடுத்த ஓலாஃப் ஷோல்ட்ஸை வைத்து. இந்த மாதிரி ஊர்ப்பேச்சு வழிகாட்டியிடமிருந்து வந்திருக்க வேண்டாமா?

இன்னொன்றும் விட்டுப்போயிற்று, அது சின்ன விஷயம் இல்லை. ஹாஃபன்சிட்டியின் கிழக்குப் பகுதியில் லோஸே பூங்கா என்று ஒன்று இருக்கிறது. அங்கேதான் பழைய ஹனோவர் ரயில் நிலையம் இருந்தது. 1940க்கும் 1945க்கும் இடையில் 8,000க்கு மேற்பட்ட யூதர்களையும் சின்டி, ரோமா என்ற ஐரோப்பியச் சிறுபான்மை மக்களையும் 20 ரயில்களில் அங்கிருந்து முகாம்களுக்கு அனுப்பினார்கள். 2017இல் நினைவிடம் ஆக்கியிருக்கிறார்கள். பெயர்கள் பொறித்த மேசைகள், பழைய நடைமேடையின் எச்சம், தண்டவாளம் ஓடிய கோட்டை ஒட்டி வெட்டிய பள்ளமான பாதை. மெஸ்பெர்க்ஹோஃப் பலகையில் தொடங்கிய சுற்றுலா இதில் முடிந்திருந்தால் பழையதும் புதியதும் ஒரே கதையாகியிருக்கும். வாடகைக் கணக்கைக் குறைத்தால் நேரம் தாராளமாகக் கிடைக்கும். யு4 ரயிலில் ஹாஃபன்சிட்டி பல்கலைக்கழக நிலையத்தில் இறங்கி நடந்தால் போதும், நாங்கள் வேறொரு நாள் போனோம்.

சரி, போகிறவர்களுக்குச் சில விஷயம். முழுக்க நடைதான், பழைய பகுதியில் கருங்கல் பாவிய தெரு. முட்டி வலிக்காரர்கள் கவனம், மதினி அன்று ராத்திரி தைலம் தேய்த்தார். நடுவில் கழிப்பறை நிறுத்தம் கிடையாது, கிளம்புமுன் பார்த்துக்கொள்ளுங்கள். கோடை என்று நம்பிக் குடை எடுக்காமல் போகாதீர்கள். பின்வரிசையில் நிற்காமல் வழிகாட்டியின் தோளோடு நடங்கள், கேள்வி கேளுங்கள், அந்த அம்மாவுக்குக் கேள்வி பிடிக்கிறது. பிள்ளைகளோடு போகிறீர்கள் என்றால், கிட்டங்கி ஒன்றுக்குள் இருக்கும் குட்டி ரயில் உலகமான மினியேச்சர் வுண்டர்லாந்தை அதே நாளில் வைக்காதீர்கள். அங்கே வரிசையும் நீளம், உள்ளே நேரமும் நீளம், நடந்து வந்த கால் தாங்காது.

சாண்ட்டோர்காய் 36இல் ஷ்பைஷர்ஷ்டாட் அருங்காட்சியகம் இருக்கிறது. சின்னதுதான், மரத்தளம், மரத்தூண், மூட்டைகள், தராசு, தேயிலைப் பெட்டி. நடைக்கு முன்னால் போகாதீர்கள், பின்னால் போங்கள், அப்போதுதான் ஒவ்வொரு கருவியும் என்ன செய்தது என்று விளங்கும். கால்வாய்க்குள் படகில் போக ஆசையென்றால் ஓத நேரம் பார்த்துவிட்டுப் போங்கள், வற்றத்தில் படகு உள்ளே நுழையாது.

இந்த நடையில் பார்க்கக் கிடைக்காதது, இன்றைக்கு உண்மையில் வேலை செய்கிற துறைமுகம். அதற்கு இன்னொரு சுற்றுலாவுக்குப் பணம் கட்ட வேண்டாம். லாண்டுங்ஸ்புரூக்கன் படகுத்துறையிலிருந்து 62ஆம் எண் படகு ஃபிங்கன்வெர்டர் போகிறது, ஊர்ப் பேருந்து ரயிலுக்கு வாங்கும் அதே நாள் சீட்டு இதற்கும் செல்லும். மேல்தளத்தில் இடதுபக்கம் உட்காருங்கள், கன்டெய்னர் முனையங்கள் அந்தப் பக்கம்தான். கூட்டம் சேருமுன் காலையிலேயே போய்விட்டால் இடம் கிடைக்கும்.